நஷ்ட ஈட்டுத் தீர்ப்பும் மேல்முறையீட்டு உரிமையும்

சென்னையிலிருந்து புதுச்சேரிக்குச் செல்லும் கிழக்குக் கடற்கரைச் சாலையில் மரக்காணத்தை அணுகும்போது, பாத்தி பாத்தியாக உப்பளங்கள் பரந்து கிடப்பதைக் காணலாம். விழுப்புரம் மாவட்டத்தின் இக்கடற்கரைப் பகுதியில் உப்பு விளைவித்தலும், மீன்பிடித்தலும், பயிர்த்தொழிலும் அடுத்தடுத்து நடைபெறுகின்றன. வெயில் ஏறுமுன் வேலையை முடிக்க வேண்டி, உப்பளத் தொழிலாளர் விடியுமுன்னரே நடந்தும் சைக்கிளிலும் புறப்படுகின்றனர். அதே சாலையில் பஸ்களும் லாரிகளும் கார்களும் இரவு பகலென்று பாராமல் விரைகின்றன. மரக்காணத்திலிருந்து புதுச்சேரி வரையுள்ள 46 கிலோமீட்டர் சாலையை நான்கு வழிச் சாலையாக்க மத்திய அமைச்சரவை 2025 ஆகஸ்டில் ஒப்புதல் அளித்தது. சாலை அகலும்போது வசதி பெருகும். வேகமும் உடன் பெருகும்.

விபத்தைத் தவிர்ப்பதே யாவருக்கும் முதற்கடமை. எனினும், விபத்து நேர்ந்துவிட்ட பின்னர் காயமுற்றவரின் குடும்பம் நிலைகுலையாதவாறு காப்பதற்குச் சட்டம் வழி செய்துள்ளது. அவ்வழியின் முற்பகுதியைப் பலரும் அறிவர். போலீசில் புகார் செய்வது, வக்கீலை அமர்த்துவது, விபத்து நஷ்ட ஈட்டுத் தீர்ப்பாயத்தில் மனுச் செய்வது ஆகியவை இன்று கிராமங்களில் புதியன அல்ல. ஆனால், தீர்ப்பாயம் வழங்கிய தொகை நியாயமான அளவுக்குக் குறைந்திருப்பின் என்ன செய்வது என்பதை அறிந்தோர் மிகச் சிலரே. ‘கோர்ட்டார் சொல்லிவிட்டார்கள், இனி என்ன இருக்கிறது?’ என்று கிடைத்ததைப் பெற்றுக்கொண்டு அமைதியுறுவோரே மிகுதி. தீர்ப்பாயத்தின் தீர்ப்பு முடிந்த முடிபன்று. அதனை எதிர்த்து மேல்முறையீடு செய்யும் உரிமை உண்டு. அவ்வுரிமையை எப்போது, எவ்வாறு பயன்படுத்துவது என்பதே இப்பாடத்தின் பொருள்.

சட்டம் தந்த உரிமை

1939ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டத்தில், 1956ஆம் ஆண்டுத் திருத்தத்தின் வாயிலாக, விபத்து நஷ்ட ஈட்டுக்கெனத் தனித் தீர்ப்பாயங்கள் ஏற்படுத்த இடம் செய்யப்பட்டது. சாதாரண உரிமை வழக்குகளில் ஏழைகள் ஆண்டுக்கணக்கில் அலையாதிருக்க வேண்டும் என்பதே அதன் நோக்கம். பின்னர் 1988ஆம் ஆண்டின் சட்டம் வந்து, 1989 ஜூலை 1 முதல் நடைமுறையிலிருந்து வருகிறது. இச்சட்டத்தின் 166ஆம் பிரிவு மனுச் செய்யும் உரிமையையும், 168ஆம் பிரிவு தீர்ப்பு வழங்கும் முறையையும், 173ஆம் பிரிவு மேல்முறையீட்டு உரிமையையும் கூறுகின்றன.

168ஆம் பிரிவில் ஒரு சொற்றொடர் நம் கருத்துக்கு உரியது. தீர்ப்பாயம் ‘நியாயமான’ நஷ்ட ஈடு வழங்க வேண்டும் என்று அது பணிக்கிறது. இது கருணைத் தொகையும் அன்று, நன்கொடையும் அன்று. மனுவில் கேட்ட தொகையைக் காட்டிலும் நியாயமான தொகை மிகுதியாயிருப்பின், அம்மிகுதியையும் வழங்கலாம் என்று உச்ச நீதிமன்றம் 2002இல் தெளிவாக்கியது. அவ்வாறு மிகுதியாகப் பெறும் தொகைக்குரிய நீதிமன்றக் கட்டணத்தை மட்டும் பின்னர்ச் செலுத்த நேரும். ஆகவே, ‘மனுவில் குறைத்துக் கேட்டுவிட்டோமே’ என்று மனம் தளர வேண்டுவதில்லை.

தொகை குறைவது எவ்விடத்தில்?

மேல்முறையீடு செய்யக் கருதுவோர், முதலில் தீர்ப்பின் நகலைப் பெற்று, தொகை எவ்விடத்தில் குறைந்தது என்று பார்க்க வேண்டும். காயமுற்றோர் வழக்குகளில் கணக்கு பல தலைப்புகளில் அமையும். மருத்துவம், மருந்து, வண்டிக் கூலி, ஊட்ட உணவு, உடனிருந்து பார்த்துக்கொண்டவருக்கான செலவு ஆகியவை ஒரு வகை. சிகிச்சைக் காலத்தில் இழந்த கூலி மற்றொரு வகை. நிரந்தர ஊனத்தால் எதிர்காலத்தில் இழக்கும் வருவாய், இனிச் செய்ய வேண்டிய சிகிச்சையின் செலவு, உடல் வேதனை, வாழ்க்கை வசதிகளின் இழப்பு என்பன ஏனையவை. இவற்றுள் தொகை பெரிதாக ஏறுவதும் இறங்குவதும் எதிர்கால வருவாய் இழப்பு என்னும் ஒரே தலைப்பில்தான்.

இதனைப் புரிந்துகொள்ள ஓர் உதாரணம் அமைத்துக்கொள்வோம். முப்பத்தைந்து வயதுள்ள ஓர் உப்பளத் தொழிலாளி லாரி மோதிக் காலில் எலும்பு முறிவுற்றார் என்க. மருத்துவக் குழு நிரந்தர ஊனம் 40 சதவீதம் என்று சான்றளிக்கிறது. நம் மாநிலத்தில் ஊனத்தின் ஒவ்வொரு சதவீதத்திற்கும் இவ்வளவு ரூபாய் என்று கணக்கிட்டு ஒரே தொகையாக வழங்கும் வழக்கமும் உண்டு. சதவீதத்திற்கு 3,000 ரூபாய் எனின், 40 சதவீதத்திற்குக் கிடைப்பது 1,20,000 ரூபாய்.

இதே மனிதருக்குப் பெருக்கெண் முறையில் கணக்கிட்டுப் பார்ப்போம். அவருடைய மாத வருவாய் 12,000 ரூபாய் என மெய்ப்பிக்கப்பட்டதாகக் கொள்வோம். நாற்பது வயதுக்குட்பட்டவர் ஆதலின், எதிர்காலத்தில் கூலி உயரும் என்பதற்காக 40 சதவீதம் சேர்க்க, மாதம் 16,800 ரூபாய் ஆகிறது. ஆண்டுக்கு 2,01,600 ரூபாய். அவர் வயதுக்குரிய பெருக்கெண் 16. பெருக்கினால் 32,25,600 ரூபாய். அவருடைய உழைக்கும் ஆற்றலில் 40 சதவீதம் போயிற்று என்று தீர்ப்பாயம் கொண்டால், கிடைப்பது 12,90,240 ரூபாய். ஆற்றல் இழப்பு 25 சதவீதமே என்று கொண்டாலும் 8,06,400 ரூபாய். இது விளக்கத்திற்காக நாம் அமைத்த கணக்கே எனினும், எம்முறையைக் கையாள்வது என்னும் ஒரே கேள்வியில் ஒரு குடும்பத்தின் எதிர்காலம் அடங்கியிருப்பதை இதனால் உணரலாம்.

பெருக்கெண் அட்டவணையை உச்ச நீதிமன்றம் 2009இல் வகுத்தது. 15 முதல் 25 வயது வரை 18. 26 முதல் 30 வரை 17. 31 முதல் 35 வரை 16. 36 முதல் 40 வரை 15. 41 முதல் 45 வரை 14. 46 முதல் 50 வரை 13. 51 முதல் 55 வரை 11. 56 முதல் 60 வரை 9. 61 முதல் 65 வரை 7. அதற்கு மேல் 5. சொந்தத் தொழில் செய்வோருக்கும் நிலையான கூலி பெறுவோருக்கும் எதிர்கால உயர்வாக, 40 வயதுக்குட்பட்டோருக்கு 40 சதவீதமும், 40 முதல் 50 வரை 25 சதவீதமும், 50 முதல் 60 வரை 10 சதவீதமும் சேர்க்க வேண்டும் என்று அந்நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அடங்கிய அமர்வு 2017 அக்டோபர் 31இல் கூறியது. அது உயிரிழப்பு வழக்கு. நிரந்தர ஊனமுற்று உயிரோடிருப்பவருக்கும் இவ்வுயர்வு உரியது என்று 2018இலும் 2020இலும் வந்த தீர்ப்புகள் உறுதி செய்தன. தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு வழக்கிலும், 31.1 சதவீத ஊனமுற்ற இளம்பெண் ஒருவருக்கு, எதிர்கால உயர்வையும் சேர்த்துப் பெருக்கெண் முறையிலேயே 2020 ஜூலையில் உச்ச நீதிமன்றம் நஷ்ட ஈடு கணக்கிட்டது.

உறுப்பின் ஊனமும் தொழிலின் இழப்பும்

மருத்துவர் கூறும் சதவீதம் உடலைப் பற்றியது. தீர்ப்பாயம் காண வேண்டிய சதவீதம் பிழைப்பைப் பற்றியது. இரண்டும் ஒன்றாகவே இருக்க வேண்டும் என்பதில்லை. 2010 அக்டோபர் 18இல் உச்ச நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பொன்று இவ்வேறுபாட்டை நன்கு விளக்குகிறது. இடக்கை இழந்த ஒருவர் தச்சராகவோ டிரைவராகவோ இருப்பின் அவருடைய பிழைப்பு ஏறக்குறைய முழுவதும் போகும். அவரே அரசாங்க அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருப்பின் சம்பளம் குறையாமலும் இருக்கலாம் என்று அத்தீர்ப்பு எடுத்துக்காட்டுகிறது. காயமுற்றவர் இனி எவ்வேலைகளைச் செய்ய இயலும், எவற்றைச் செய்ய இயலாது என்று முதலில் காண வேண்டும். விபத்துக்கு முன் அவர் செய்த தொழில் யாது என்று அடுத்துக் காண வேண்டும். அத்தொழிலை இனியும் செய்ய முடியுமா, அன்றி வேறு எளிய வேலைதான் செய்ய முடியுமா, எதுவுமே முடியாதா என்று மூன்றாவதாகக் காண வேண்டும். இம்மூன்று படிகளே அந்நீதிமன்றம் வகுத்த நெறி.

இந்நெறி இருபுறமும் கூரிய கத்தி போன்றது. மேற்கூறிய வழக்கில் காயமுற்றவர் பாலாடைக்கட்டி விற்பவர். காலின் ஊனம் 45 சதவீதம் என்று சான்று இருந்தும், உழைக்கும் ஆற்றலின் இழப்பு 20 சதவீதமே என்று நீதிமன்றம் மதிப்பிட்டது. மாறாக, கர்நாடகத்தில் கால் துண்டிக்கப்பட்ட காய்கறி வியாபாரி ஒருவரின் வழக்கு 2014இல் தீர்ப்பாயிற்று. காய்கறி விற்பதற்குக் கைகள் போதுமே என்னும் கருத்தில் உயர் நீதிமன்றம் 65 சதவீத இழப்பே கொண்டிருந்தது. மொத்த வியாபாரச் சந்தைக்குச் சென்று சரக்கெடுப்பதும், அதனைக் கொண்டுசென்று விற்பதும் அத்தொழிலின் பகுதிகள் அல்லவா என்று உச்ச நீதிமன்றம் கேட்டு, இழப்பை 85 சதவீதமாக உயர்த்தியது. வருவாய்க்கு எழுத்துச் சான்று இல்லாதபோதும், 2008இல் ஒரு காய்கறி வியாபாரி மாதம் 6,500 ரூபாய் ஈட்டக்கூடியவரே என்றும் கொண்டது.

மரக்காணத்து உப்பளத் தொழிலாளிக்கு இத்தீர்ப்பு எத்துணைப் பயன்படும் என்பதைச் சிந்திக்க வேண்டும். பாத்தியின் தரையைக் காலால் மிதித்து இறுக்குவதும், உப்புநீரில் மணிக்கணக்கில் நின்று வாருபலகையால் உப்பை வாரி வரப்பில் சேர்ப்பதும், கூடையில் சுமந்து அம்பாரத்தில் கொட்டுவதும் அவருடைய வேலை. முழங்கால் மடங்காத ஒருவர், அல்லது உப்புநீர் படின் ஆறாத புண்ணுடைய ஒருவர், இவ்வேலைகளுள் எதனைச் செய்ய முடியும்? உடலளவில் 30 சதவீதமான ஊனம் உப்பளத்தில் அதனினும் மிகப் பெரிய இழப்பாக முடியலாம். ஆனால் உப்பளத்தைக் கண்டறியாத நீதிபதிக்கு இதனை யார் எடுத்துரைப்பது? சாட்சியத்தில் எழுதப்படாத எதுவும் தீர்ப்பில் இடம்பெறாது. ‘உப்பளக் கூலி’ என்ற இரண்டு சொற்களை மட்டும் மனுவில் எழுதிவிட்டு, வேலையின் தன்மையைக் கூறாது விடுவதே பல வழக்குகள் மெலிவதற்குக் காரணம்.

வருவாயைப் பற்றியும் இவ்வாறே. எதிர்த்தரப்பார், ‘உப்பளத்தில் ஆண்டு முழுவதும் வேலையில்லையே’ என்று வாதிடக்கூடும். மழைக்காலத்தில் உப்பு விளைவதில்லை என்பது உண்மையே. ஆனால் அம்மாதங்களில் நடவுக்கும், களையெடுப்புக்கும், பிற கூலிக்கும் செல்வது இப்பகுதி மக்களின் வழக்கம். அவ்வருவாயையும் சாட்சியத்தில் சேர்க்க வேண்டும். கூலித் தொழிலாளி ஒருவர் 2004இல் மாதம் 4,500 ரூபாய் ஈட்டியதாகக் கூறியதை, எழுத்துச் சான்று இல்லையென்று தீர்ப்பாயம் 3,000 ஆகக் குறைத்தது. அன்றைய கூலி நிலையைக் கருதி 4,500 ரூபாயையே உச்ச நீதிமன்றம் 2011இல் ஏற்றது. அரசு அறிவிக்கும் குறைந்தபட்ச ஊதியம் ஓர் அளவுகோலாகலாம். அதுவே முடிந்த எல்லையாகாது என்று 2021 அக்டோபரில் அந்நீதிமன்றம் கூறியதும் நினைவிற் கொள்ளத்தக்கது.

தொண்ணூறு நாட்கள்

தீர்ப்பு வழங்கிய நாளிலிருந்து 90 நாட்களுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய வேண்டும் என்பது 173ஆம் பிரிவின் விதி. விழுப்புரம் மாவட்டத் தீர்ப்பாயங்களின் தீர்ப்புகளுக்கு மேல்முறையீடு சென்னையிலுள்ள உயர் நீதிமன்றத்திலேயே தாக்கல் செய்யப்பட வேண்டும். மதுரைக் கிளையில் அன்று. தீர்ப்பின் சான்றிட்ட நகல் இன்றி மேல்முறையீடு இல்லை. ஆதலின் தீர்ப்பான அன்றோ மறுநாளோ நகலுக்கு மனுச் செய்வது நலம். நகல் பெறச் செலவாகும் நாட்களைக் காலக்கெடுவிலிருந்து கழித்துக்கொள்ள இடமுண்டு. எனினும் அதனை நம்பிக் காலந்தாழ்த்துவது அறிவுடைமையன்று.

உரிய காரணம் காட்டினால் 90 நாட்களுக்குப் பின்னரும் உயர் நீதிமன்றம் மேல்முறையீட்டை ஏற்கலாம். மருத்துவமனையில் மீண்டும் படுத்திருந்தது போன்ற காரணங்களை உரிய ஆவணங்களோடு காட்ட வேண்டும். அவ்வாறு ஏற்கும்போது, தாமதமான நாட்களுக்கு வட்டி இல்லை என்று நிபந்தனை விதிப்பது உண்டு. எனவே தாமதத்தின் விலையைக் காயமுற்றவரே கொடுக்க நேர்கிறது.

மற்றொரு வரம்பும் உண்டு. மேல்முறையீட்டில் வழக்கிற்குரிய தொகை 1,00,000 ரூபாய்க்குக் குறைவாயிருப்பின் மேல்முறையீடு செல்லாது. முன்னர் இவ்வரம்பு 10,000 ரூபாயாக இருந்தது. 2019ஆம் ஆண்டுத் திருத்தத்தால் உயர்த்தப்பட்டு, 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. அதே திருத்தத்தால், நஷ்ட ஈட்டு மனுவையே விபத்து நிகழ்ந்த ஆறு மாதங்களுக்குள் தாக்கல் செய்ய வேண்டும் என்னும் விதியும் சட்டத்தில் சேர்க்கப்பட்டது. ‘கால் ஆறட்டும், பிறகு பார்க்கலாம்’ என்று இருப்போர் இதனை மனத்திற் கொள்ள வேண்டும்.

மேல்முறையீட்டில் புதிய சாட்சியம் எளிதில் ஏற்கப்படுவதில்லை. கீழே பதிவான சாட்சியங்களையும் ஆவணங்களையும் கொண்டே உயர் நீதிமன்றம் பெரும்பாலும் தீர்மானிக்கும். விதைக்காத வயலில் அறுவடை இல்லை. தீர்ப்பாயத்தில் பதியாத சான்றை உயர் நீதிமன்றத்தில் அறுக்க முடியாது. மேல்முறையீட்டின் வலிமை விபத்து நடந்த முதல் வாரத்திலேயே தொடங்குகிறது என்று நாம் கூறுவது இதனாலேயே.

எதிர்த்தரப்பார் மேல்முறையீடு செய்தால்

வழங்கிய தொகை மிகுதி என்று இன்ஷூரன்ஸ் கம்பெனியும் மேல்முறையீடு செய்யலாம். அவ்வாறு செய்யும்போது 25,000 ரூபாயோ, தீர்ப்புத் தொகையில் பாதியோ, இவற்றுள் எது குறைவோ அதனை முன்கூட்டிச் செலுத்த வேண்டும். தீர்ப்பை நிறுத்தி வைக்க வேண்டின், நீதிமன்றம் விதிக்கும் நிபந்தனைப்படி மேலும் செலுத்த நேரலாம். அவ்வாறு செலுத்தப்பட்ட தொகையில் ஒரு பகுதியைப் பெற்றுக்கொள்ளக் காயமுற்றவர் அனுமதி கோரலாம்.

இங்கே கவனிக்க வேண்டிய நுட்பம் ஒன்றுண்டு. கம்பெனி செய்த மேல்முறையீட்டில், காயமுற்றவர் தாமாக ஏதும் தாக்கல் செய்யாதிருப்பின், உயர் நீதிமன்றம் தொகையைக் கூட்டித் தர இயலாது என்று உச்ச நீதிமன்றம் 2011இல் கூறியுள்ளது. அந்நிலையில் அவர் உள்ள தொகையைக் காத்துக்கொள்ள வாதிடலாமேயன்றி, கூடுதலாகப் பெற முடியாது. ஆதலின் உயர் நீதிமன்றத்திலிருந்து நோட்டீஸ் வந்ததும் அதனை மாடத்தில் செருகி வைத்துவிடாமல், ஒரு மாதத்திற்குள் குறுக்கு ஆட்சேப மனுத் தாக்கல் செய்ய வேண்டும். தொகை போதாது என்னும் நம் குறையை அதில் எழுப்பலாம்.

எவ்விடத்தில் கையெழுத்திடலாகாது?

முதலாவதாக, மக்கள் நீதிமன்றத்தில் இருதரப்பும் இசைந்து முடித்துக்கொண்ட வழக்கிற்கு மேல்முறையீடு கிடையாது. 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் அத்தீர்வை இறுதியானதாக்குகிறது. மக்கள் நீதிமன்றம் நல்லதோர் ஏற்பாடே. காலமும் செலவும் மிச்சமாகின்றன. ஆனால் தொகையை நன்கு கணக்கிட்டுப் பார்த்த பின்னரே அங்கு இசைவு தர வேண்டும்.

இரண்டாவதாக, தீர்ப்புத் தொகையை நீதிமன்றத்திலிருந்து பெற்றுக்கொள்வதால் மட்டும் மேல்முறையீட்டு உரிமை அழிந்துவிடாது. ‘உரிமையை விட்டுக்கொடாமல் பெறுகிறேன்’ என்று பதிவு செய்து பெறலாம். ‘முழுத் திருப்தியுடன் பெற்றுக்கொண்டேன், இனி எவ்வித உரிமையும் கோரேன்’ என்று எழுதிய தாளில், படித்துப் பாராது கைநாட்டு வைப்பதே ஆபத்து.

மூன்றாவதாக, ‘வருவதில் இவ்வளவு பங்கு’ என்று பேசிக்கொண்டு வழக்கு நடத்தும் ஏற்பாடு வக்கீல்களின் நடத்தை விதிகளுக்கு முரணானது. மருத்துவமனை வாயிலில் வந்து வெற்றுத்தாளில் கையெழுத்து வாங்கும் இடைத்தரகர்களுக்கு இடம் கொடுக்கலாகாது. பெண்கள், குழந்தைகள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், சட்டம் குறிப்பிடும் அளவில் ஊனமுற்றோர், வருமான வரம்புக்குட்பட்டோர் ஆகியோருக்கு இலவசச் சட்ட உதவி உரிமையாகவே உண்டு. வட்டச் சட்டப் பணிகள் குழுவையோ, விழுப்புரத்திலுள்ள மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவையோ அணுகலாம். மேல்முறையீட்டுக்குச் சென்னை உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழு உதவும். 15100 என்னும் தொலைபேசி எண்ணிலும் கேட்டறியலாம்.

எல்லாத் தீர்ப்புக்கும் மேல்முறையீடு வேண்டுமா?

வேண்டாம். தொகை நியாயமாகவே இருப்பின், மேலும் சில ஆயிரங்களுக்காகச் சென்னைக்கு அலைவது பயனற்றது. உயர் நீதிமன்றத்தில் வழக்கு முடியக் காலம் ஆகும். நாம் மேல்முறையீடு செய்வதைக் கண்டு எதிர்த்தரப்பும் செய்யக்கூடும். பேசாது விட்டிருந்த குறைகள் அப்போது வெளிவரக்கூடும். ஆகவே, கணக்கில் தெளிவான தவறு இருக்கிறதா என்று முதலில் பார்க்க வேண்டும். வயதுக்குரிய பெருக்கெண் தவறியுள்ளதா? எதிர்கால உயர்வு விடுபட்டதா? வருவாய் காரணமின்றிக் குறைக்கப்பட்டதா? தொழிலைக் கருதாது சதவீதத்திற்கு இவ்வளவு என்று மட்டும் தரப்பட்டதா? காயமுற்றவர் மீதும் பாதிக் குற்றம் என்று சான்றின்றிக் கழிக்கப்பட்டதா? மோட்டார் சைக்கிளில் மூவர் சென்றனர் என்ற ஒரே காரணத்தால் பின்னாலிருந்தவரின் தொகையைக் குறைத்தலாகாது. அது விபத்துக்கோ காயத்துக்கோ காரணமாயிற்று என்று காட்ட வேண்டும் என்று 2020 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது. இவற்றுள் ஒன்றேனும் இருப்பின் மேல்முறையீட்டுக்கு இடமுண்டு.

பஞ்சாயத்து உறுப்பினர் செய்யத்தக்கவை

விபத்து நேர்ந்தவுடன் முதல் தகவல் அறிக்கையின் நகலைப் பெற்றுத் தருதல் முதற்பணி. சிகிச்சை மரக்காணத்தில் தொடங்கி முண்டியம்பாக்கத்திலோ புதுச்சேரியிலோ தொடரலாம். ஒவ்வோரிடத்திலும் தரும் சீட்டுகள், எக்ஸ்ரே படங்கள், டிஸ்சார்ஜ் குறிப்பு ஆகியவற்றை ஒரே பையில் சேர்த்து வைக்கச் செய்ய வேண்டும். அரசுத் திட்டத்தில் கட்டணமின்றிச் சிகிச்சை பெற்றிருப்பின் பில் இராது. அப்போதும் சிகிச்சைக் குறிப்புகள் காயத்தின் தன்மைக்குச் சான்றாகும்.

வயதைக் காட்டப் பள்ளிச் சான்றிதழைத் தேடி எடுக்க வேண்டும். பிறந்த நாளுக்கு ஆதார் அட்டை போதிய சான்றாகாது என்று 2024 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது. ஓராண்டு வேறுபட்டாலும் பெருக்கெண் மாறக்கூடும் என்பதை மேலே தந்த அட்டவணையால் அறியலாம்.

தொழிலைக் காட்ட, உப்பளக் குத்தகைதாரரின் கூலிக் கணக்கு, தொழிலாளர் நல வாரிய அட்டை, வேலையற்ற மழைக்காலத்திற்கென உப்பளத் தொழிலாளருக்கு அரசு வழங்கும் நிவாரணத்தொகை வந்த வங்கிப் பதிவு ஆகியவை பயன்படும். உறுப்பினர் தரும் சான்றிதழ் மட்டும் போதாது. அச்சான்றைத் தந்தவரோ, உடன் உழைத்தவரோ, மேஸ்திரியோ கூண்டிலேறி, ‘இவர் இன்ன வேலை செய்தார், இவ்வளவு கூலி பெற்றார், இன்று இவ்வேலையை இவரால் செய்ய முடியவில்லை’ என்று சொல்ல வேண்டும். ஒருநாள் கூலியை இழந்து திண்டிவனத்திற்கோ விழுப்புரத்திற்கோ சென்று சாட்சி சொல்வது சிறு உதவியன்று. அயலானின் குடும்பத்தைத் தாங்கும் தூண் அதுவே.

ஊனச் சான்றைப் பொறுத்தவரை, சிகிச்சை செய்த மருத்துவரோ மருத்துவக் குழுவோ தருவதே மதிப்புடையது. சிகிச்சையே செய்யாத ஒருவர் எழுதித் தரும் பெருஞ்சதவீதச் சான்று வழக்கைக் கெடுக்கும். மருத்துவர் சாட்சி சொல்லும்போது, சதவீதத்தோடு நில்லாமல், இம்மனிதரால் குந்த முடியுமா, சுமை தூக்க முடியுமா, நெடுநேரம் நீரில் நிற்க முடியுமா என்று வக்கீல் கேட்டுப் பதியச் செய்ய வேண்டும்.

தீர்ப்பு வந்த பின்னரும் பணி உண்டு. தீர்ப்புத் தொகையை 30 நாட்களுக்குள் செலுத்த வேண்டும் என்பது சட்டம். செலுத்தாவிடின், 174ஆம் பிரிவின்படி தீர்ப்பாயத்திடம் சான்று பெற்று, நிலவரிப் பாக்கி போல மாவட்ட ஆட்சியர் வாயிலாக வசூலிக்கலாம். மேல்முறையீட்டின் கடைசி நாளைக் காயமுற்றவரின் வீட்டுக் காலண்டரில் குறித்துக் கொடுப்பது ஓர் உறுப்பினர் எளிதில் செய்யக்கூடிய உதவி.

உப்பு விளைப்பவனின் கால் அவன் குடும்பத்தின் முதல். அம்முதல் சாலையில் அழிந்தபின், அதன் மதிப்பை உள்ளவாறு எடுத்துரைத்துப் பெற்றுத் தருவது ஊராரின் பொறுப்பாகும். சட்டம் 90 நாட்கள் தந்திருக்கிறது. அவற்றுள் ஒரு நாளும் வீணாகாமல் பார்த்துக்கொள்வோமாக.

கூட்டத்தில் கலந்து பேசுவதற்குரிய வினாக்கள்

1. மருத்துவர் கூறும் ஊனச் சதவீதத்திற்கும் உழைக்கும் ஆற்றலின் இழப்புக்கும் உள்ள வேறுபாடு யாது? உங்கள் ஊர்த் தொழில் ஒன்றைக் கொண்டு விளக்குக.

2. நாற்பத்திரண்டு வயதுள்ள, மாதம் 10,000 ரூபாய் ஈட்டிய ஒருவருக்கு ஆற்றல் இழப்பு 30 சதவீதமாயின், எதிர்கால வருவாய் இழப்பு எவ்வளவு? (விடை: 6,30,000 ரூபாய்.)

3. இன்ஷூரன்ஸ் கம்பெனியின் மேல்முறையீட்டு நோட்டீஸ் வந்தால் என்ன செய்ய வேண்டும்? எத்தனை நாட்களுக்குள்?

4. மக்கள் நீதிமன்றத்தில் இசைவு தருமுன் கவனிக்க வேண்டியவை எவை?

5. உங்கள் ஊரில் கூலி வேலை செய்வோரின் தொழிலையும் வருவாயையும் மெய்ப்பிக்கக்கூடிய பதிவுகள் எவை உள்ளன? இல்லையெனில், அவற்றை இன்றே எவ்வாறு தொடங்கலாம்?